அமுதவள்ளியின் பெரிய தட்டணுக்கள்

என் தங்கை அமுதவள்ளி வென்றவற்றை முதலில் எழுதிவிடுகிறேன். கதைக்குள் போய்விட்டால் பிறகு எழுத வராது.

தமிழ்ப்பள்ளி விளையாட்டு நாளில், கரண்டியில் எலுமிச்சம்பழம் ஏந்தி நடக்கும் பந்தயத்தில் மூன்றாம் பரிசு. பள்ளிக்கூடம் அவளைச் சேரவிட்ட ஒரே பந்தயம் அது. பள்ளி இறுதி எஸ்.பி.எம். தேர்வில் தமிழுக்கு ஏ; தேர்வுக்கு முந்தின வாரம் முழுக்க மருத்துவமனையில் ரத்தம் ஏற்றிக்கொண்டிருந்தாள். கார் லைசன்ஸ், முதல் தடவையிலேயே. பிறகு, கார் ஓட்டக் கற்றுத் தருவதற்கான லைசன்ஸ். எங்கள் ஊர் கிள்ளானில் அவள் வேலை பார்த்த பயிற்சிப் பள்ளியில் அதை வைத்திருந்த ஒரே பெண் அவள்தான். பத்துமலைக்கு ஒரு தைப்பூசப் பால்குடம், வெறுங்காலில், ஒரு கீறல் இல்லாமல். முகுந்தன் என்கிற நல்ல கணவன். இருபத்து நான்கு வயதில், தன் ரத்தத்துக்குச் சரியான பெயர். கடைசியாக, அவள் சொன்னதை ஒரு டாக்டர் நம்பியது.

அந்தக் கடைசி வெற்றி வரைக்கும் போக வேண்டுமானால் காது குத்தியதில் இருந்து சொல்ல வேண்டும்.

அவளுக்கு ஒரு வயது நிறைந்தபோது கிள்ளானில் கோயிலில் வைத்துக் காது குத்தினார்கள். எனக்கு அப்போது பத்து வயது. மாமா மடியில் குழந்தை. நகை ஆசாரி தம்புசாமி இரண்டு காதையும் குத்தித் தோட்டை முறுக்கிவிட்டு, தட்டில் இருந்த வெற்றிலை பாக்கை எடுத்துக்கொண்டு போனார். சாப்பாட்டுப் பந்தி முடிந்தும் ரத்தம் நிற்கவில்லை. மறுநாள் காலையிலும் கசிந்துகொண்டிருந்தது. அம்மா பவுனம்மாள் குழந்தையைத் தூக்கிக்கொண்டு நேராக ஆசாரி கடைக்குப் போனார். நான் பின்னாலேயே ஓடினேன்.

"குடிச்சிட்டு வந்து குத்துனியா? கையி நடுங்குச்சின்னா ஊசியக் கீழ வைக்க வேண்டியதுதானே!"

"யக்கா, முருகன் சத்தியமா ஊசி சுத்தம். கையி நடுங்கல. ரோட்டுல நின்னு கத்தாதீங்க, கஸ்டமரு பாக்குறாங்க."

"பாக்கட்டும். ஊருக்கே தெரியட்டும்!"

ஊருக்குத் தெரிந்தது. அதற்குப் பிறகு எங்கள் சொந்தத்தில் யாரும் தம்புசாமி ஆசாரியிடம் காது குத்தப் போகவில்லை. தங்கை காதில் இருந்த தோட்டைக் கழற்றினார்கள். ஓட்டை தூர்ந்துபோனது. மறுபடி யாரும் குத்தத் துணியவில்லை.

அப்புறம் பல் துலக்கினால் ஈறில் ரத்தம். தும்மினால் மூக்கில் ரத்தம். கட்டிலில் இடித்தால், இடித்த இடத்தில் கத்திரிக்காய் நிறத்தில் கன்றிப்போன ஒரு தடம். அப்பா சின்னையா, அவளுக்கு நான்கு வயதாக இருக்கும்போதே துறைமுகத்தில் ஒரு விபத்தில் போய்விட்டார். அம்மா ஒரு பள்ளிக்கூடத்தில் கூட்டிப் பெருக்கும் வேலை பார்த்தார். ஆறு வயதில் ஒரு நாள் மூக்கு ரத்தம் நிற்காமல், பள்ளிச் சட்டையெல்லாம் நனைந்து, பெரிய மருத்துவமனைக்குக் கொண்டுபோனோம். ரத்தம் எடுத்து மெஷினில் போட்டார்கள். ரத்தத்தை உறையவைக்கும் தட்டணு குறைவு என்றார்கள்.

தட்டணு என்றால் கிள்ளானில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். பிளேட்லெட் என்று சொன்னால் போதும். வருடத்தில் பாதி நாள் எங்கள் பக்கம் டெங்கி. 'மாமாவுக்கு எவ்வளவு?' 'எழுபது.' 'எங்க வீட்டுக்காரருக்கு நாப்பதுக்கு வந்துருச்சி, பப்பாளி இலை சாறு குடுத்தேன்.' காசு நிலவரம் பேசுவதுபோலப் பேசிக்கொள்வோம். நல்ல உடம்புக்கு, ஆயிரக் கணக்கில், நூற்றைம்பதுக்கு மேல் இருக்க வேண்டும். என் தங்கைக்கு இருபத்தெட்டு, முப்பது. காய்ச்சல் எதுவும் இல்லாமலேயே.

அவள் உடம்பே அவள் தட்டணுக்களை எதிரி என்று நினைத்து அழிக்கிறது என்று டாக்டர்கள் சொன்னார்கள். அப்படி ஒரு நோய் உண்மையாகவே இருக்கிறது, பலருக்கு வருகிறது, மருந்தும் இருக்கிறது. அந்த மருந்தை ஐந்து வருடம் கொடுத்தார்கள். முகம் ஊதி, உள்ளே இனிப்பு வைத்து ஆவியில் வேகவைக்கும் சீன பாவ்போல உருண்டையானது. பள்ளிக்கூடப் பஸ்ஸில் அவள் ஏறும்போதே பையன்கள் ஆரம்பிப்பார்கள்.

"பாவ் வருதுடா, பாவ் வருது! ஏய் பாவ், உள்ள என்னா? காயாவா, கச்சாங்கா?"

"ரத்தம்லா" என்பாள் அவள். "கடிச்சிப் பாக்குறியா?" என்று வாயைத் திறந்து காட்டுவாள். ஈறெல்லாம் சிவப்பாக இருக்கும். பையன்கள் அலறிக்கொண்டு பின் சீட்டுக்கு ஓடுவார்கள். சாயங்காலம் இதை என்னிடம் நடித்துக் காட்டுவாள். சிரித்துச் சிரித்து மூக்கில் ரத்தம் வந்துவிடும். சிரிக்காதடி என்று நானே அவள் மூக்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

மருந்து கேட்கவில்லை. பதினோரு வயதில், மண்ணீரலை எடுத்துவிடலாம் என்றார்கள். தட்டணுக்கள் அங்கேதான் அழிகின்றன, அதை எடுத்துவிட்டால் எண்ணிக்கை ஏறும், பிள்ளை மற்றப் பிள்ளைகளைப்போல ஓடலாம். எடுத்தார்கள். எண்ணிக்கை ஏறவில்லை. சிலருக்கு ஏறாது என்றார்கள். இடது விலாவுக்குக் கீழே ஒரு கோடு மட்டும் மிஞ்சியது.

பதின்மூன்றில் பெரிய மனுஷியானாள். சடங்குக்குப் பந்தல் சொல்லி, புடவை எடுத்து, ரவிக்கையை நானே தைத்து வைத்திருந்தேன். எங்கள் வீட்டுப் பெண்ணுக்கென்று நான் தைத்த முதல் ரவிக்கை அது. தண்ணீர் ஊற்ற வேண்டிய நாளில் அவள் மருத்துவமனையில் இருந்தாள். இரண்டு வாரம் நிற்கவில்லை. கட்டிலுக்கு மேலே யாரோ ஒருவருடைய ரத்தம் பையில் தொங்கிக்கொண்டிருந்தது. "யக்கா, இது எந்தச் சாதிக்காரன் ரத்தம்னு பெரியம்மா கேட்டாங்களா?" என்று மெல்லிய குரலில் கேட்டாள். கேட்டிருந்தார்கள். நான் சொல்லவில்லை. அந்த ரவிக்கை ஒரு தடவைகூடப் போடாமலேயே அவளுக்குச் சிறியதாகிப்போனது.

அதற்கெல்லாம் முன்பே, பதினைந்து வயதில், மூன்றாம் படிவத்தோடு நான் பள்ளியை விட்டு, கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் ஒரு புடவைக் கடைக்கு மேல்மாடியில் தைக்கப் போனேன். இன்றுவரை அங்கேதான். தங்கையைக் கத்தி தொடவிடவில்லை, சைக்கிள் ஏறவிடவில்லை. அவளோ பதினெட்டு ஆனதும் கார் ஓட்டப் போகிறேன் என்றாள். அம்மா அழுதார்.

"ஏம்மா, காருல உக்காந்துதானே ஓட்டணும்? எங்க விழப்போறேன்?"

"இடிச்சிட்டா?"

"இடிக்காம ஓட்டக் கத்துக்கத்தானே போறேன்."

அப்படித்தான் கற்றுக்கொண்டாள். கொஞ்ச நாளில் கற்றுத்தரவும் ஆரம்பித்தாள். கூரையில் மஞ்சள் பலகை வைத்த சின்னக் காரில், பயந்த பெண்களையெல்லாம் ஏற்றிக்கொண்டு கிள்ளான் ரோட்டில் போவாள். எல்லோருக்கும் அவள் 'சிக்கு', மலாயில் ஆசிரியர். மலாய்க்காரப் பிள்ளைகளுக்கு, சீனப் பிள்ளைகளுக்கு, நம் பிள்ளைகளுக்கு, எல்லோருக்கும். பிரேக்கைத் திடீரென்று மிதிக்கும் மாணவர்களால் தோள்பட்டையில் சீட் பெல்ட் கன்றிய தடம் எப்போதும் இருக்கும். "இது யாரு, இன்னிக்கு?" என்று கேட்பேன். "ஷா ஆலம் ஆன்டி. பூனை குறுக்க வந்திருச்சாம். பூனையே இல்ல, பிளாஸ்டிக் பை."

முகுந்தனும் அவளுடைய மாணவன்தான். துறைமுகத்தில் கிடங்கு வேலை. மேட்டில் நிறுத்தி எடுக்கும் பரீட்சையில் இரண்டு முறை தோற்றவன். அந்தக் கதையை இரண்டு பேருமே என்னிடம் சொல்லியிருக்கிறார்கள். இரண்டும் ஒன்றுபோலவே இருந்ததால் நம்புகிறேன்.

"சிக்கு, வண்டி பின்னால போவுது!"

"வண்டி போவல. நீங்கதான் விடுறீங்க. கிளட்ச்ச மெதுவா. மெதுவான்னா மெதுவா, அங்கிள்."

"அங்கிளா? எனக்கு இருபத்தாறுதான் சிக்கு!"

"அப்ப இருபத்தாறு மாதிரி ஓட்டுங்க."

மூன்றாவது முறை தேறினான். நன்றி சொல்ல வருகிறேன் என்று வந்தவன், போகவே இல்லை.

இந்தச் சமயத்தில்தான் கடைவாய்ப் பல் ஒன்றைப் பிடுங்க வேண்டி வந்தது. பிடுங்கிய இடம் நிற்காமல் கசிந்ததால், கோலாலம்பூரில் ரத்த நோய்களுக்கென்றே இருக்கும் ஒரு டாக்டரிடம் அனுப்பினார்கள். டாக்டர் ஷிரீன். நம் தமிழ் முஸ்லிம் பெண், பேச்சும் தமிழிலேயே. அவர் மெஷின் தந்த எண்ணைப் பார்த்துவிட்டு, சொந்தத்தில் திருமணமா என்று அம்மாவைக் கேட்டார். ஆமாம், அப்பா அம்மாவுக்கு அத்தை மகன். எப்போதிலிருந்து ரத்தம் வருகிறது என்று கேட்டார். காது குத்தினதிலிருந்து என்று அம்மா சொன்னார். டாக்டர் ஒரு சொட்டு ரத்தத்தைக் கண்ணாடித் துண்டில் தேய்த்து, சாயம் ஏற்றி, மைக்ராஸ்கோப்பில் வைத்து, அடுத்த வாரம் எங்களையே கூப்பிட்டுத் திரையில் காட்டினார்.

"இங்க பாருங்க. இந்த ரோஜா கலர் வட்டமெல்லாம் சிவப்பணு. அதுக்கு நடுவுல ஊதாவா, தூள் மாதிரி இருக்கிறதுதான் பிளேட்லெட். மத்தவங்களுக்கு. உங்களுக்கு எப்படி இருக்குன்னு நீங்களே சொல்லுங்க."

தங்கை திரைக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுபோனாள். "தூளு இல்ல டாக்டர். இதுவும் வட்டமா இருக்கு. சிவப்பு அளவுக்கே இருக்கு."

"அதான் விஷயம். மெஷினுக்குக் கண்ணு கிடையாது. அளவை வச்சிதான் எண்ணும். சின்னதா இருந்தா பிளேட்லெட், பெருசா இருந்தா சிவப்பணு. உங்க பிளேட்லெட் பெருசு. அதனால பாதியை மெஷின் சிவப்பணு கணக்குல போட்டுருது. உங்களுக்குக் கொஞ்சம் குறைவுதான். ஆனா மெஷின் சொல்ற அளவுக்குக் குறைவு இல்ல."

எனக்கு உடனே புரிந்தது. தையல் மேசையில் ஹூக்கையும் கோட்டுப் பட்டனையும் சல்லடையில் போட்டுச் சலித்தால், கீழே விழுவதை மட்டும் ஹூக் என்று எண்ணுவோம். கோட்டுப் பட்டன் அளவுக்கு ஒரு ஹூக் இருந்தால் அது மேலேயே நின்றுவிடும். எண்ணில் வராது.

டாக்டர் அதற்கு ஒரு பெயர் சொன்னார். மெகாத்ரோம்போசைட். ஒரு தாளில் எழுதி, கூறு போட்டு விளக்கினார். மெகா என்றால் பெரியது. த்ரோம்போ என்றால் ரத்தக் கட்டு, உறைவது. சைட் என்றால் அணு. உறையவைக்கும் பெரிய அணு. மேக்ரோத்ரோம்போசைட் என்றும் சொல்வார்களாம். இரண்டும் ஏறக்குறைய ஒன்றுதான்.

"பெருசா இருந்தா நல்லதுதானேம்மா?" என்று அம்மா கேட்டார். "பெருசு கூட ரத்தத்த அடைக்கும்ல?"

"பெருசுதான்மா. ஆனா ஒட்டாது. காயம் பட்ட இடத்துல போய் ஒட்டுறதுக்கு அதோட மேல்தோல்ல ஒரு பிடிமானம் இருக்கணும். இவங்களுக்குப் பிறவியிலேயே அது இல்லன்னு நினைக்கிறேன். இன்னொரு டெஸ்ட் எடுத்து உறுதி பண்ணிக்கலாம்."

பிறகு அவர் சொன்ன ஒன்றை என் தங்கை கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தாள். "இந்த வார்த்தை நோயோட பேரு இல்ல. கண்ணால பாத்ததுக்கு வச்ச பேரு. வேற நோயிலயும் பிளேட்லெட் கொஞ்சம் பெருசா வரும். அதனால ரிப்போர்ட்ல இந்த வார்த்தைய எழுதுனா அதோட நிறுத்தக் கூடாது. ஏன் பெருசுன்னு அடுத்த கேள்வி கேக்கணும்."

அடுத்த டெஸ்டும் அவர் நினைத்ததையே சொன்னது. அப்பாவிடமிருந்து பாதி, அம்மாவிடமிருந்து பாதி. உடம்பு எதையும் அழிக்கவில்லை. எதிரி என்று எதுவும் இல்லை. ஐந்து வருட மருந்து வீண். டாக்டர் ஷிரீன் அவள் விலாவுக்குக் கீழே இருந்த கோட்டை விரலால் தொட்டுப் பார்த்தார்.

"அப்ப இருந்தவங்க அவங்களுக்குத் தெரிஞ்சத வச்சி செஞ்சாங்க. பல பேருக்கு இப்படித்தான் ஆயிருக்கு" என்றார். "மண்ணீரல் இல்லாததால ஒண்ணு மட்டும் ஞாபகம் வச்சிக்குங்க. காய்ச்சல் வந்தா வீட்டுல காத்திருக்கக் கூடாது. அன்னிக்கே ஆஸ்பத்திரி." தடுப்பூசிகளை மறுபடியும் போட்டுவிட்டார்.

சரி டாக்டர் என்றோம். அன்றைக்கு எங்கள் கை நிறைய அந்தப் புதிய சொல்லே இருந்தது. கொமுட்டர் ரயிலில் கிள்ளான் போகும் வழியெல்லாம் தங்கை அதை ஒவ்வொரு எழுத்தாகச் சொல்லிப் பார்த்தாள். பக்கத்தில் இருந்த சீனக் கிழவி, ஏதோ மந்திரம் போலிருக்கிறது என்று இடம் மாறி உட்கார்ந்தாள்.

மறுநாள் அவள் செய்த முதல் வேலை, தம்புசாமி ஆசாரியைத் தேடிப் போனது. அவர் இன்னும் அதே வரிசையில்தான் இருந்தார். மகன் கடையில் ஓரமாக ஒரு நாற்காலி. நானும் கூடப் போனேன்.

"நான் பவுனம்மா மக. எனக்கு நீங்க காது குத்துனீங்க. ரத்தம் நிக்கல."

கிழவர் அவளையே பார்த்தார். "ஒன் ஆத்தா வந்து ரோட்டுல மானத்த வாங்குச்சி."

"உங்க ஊசில தப்பு இல்ல. கையிலயும் தப்பு இல்ல. என் பிளேட்லெட் பெருசு. ஒட்டாது. யாரு குத்தியிருந்தாலும் அப்படித்தான்."

"இத்தன வருசம் கழிச்சி வந்து சொல்றியேம்மா."

"நேத்துதான் தெரிஞ்சிச்சி, ஆசாரி."

அவர் கொஞ்ச நேரம் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். "அப்ப கல்யாணத்துக்கு என்னா போடுவ? காதுல ஓட்ட இல்லியே."

"ஒண்ணும் போட மாட்டேன்."

"ஆத்தாகாரி விடுவாளா? உக்காரு, காத அளக்குறேன்." குத்தாமல் கவ்விப் பிடிக்கிற ஜிமிக்கி ஒரு ஜோடி அவரே செய்து கொடுத்தார். என் தங்கை கல்யாணத்துக்கு அதைத்தான் போட்டிருந்தாள். யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

கல்யாணம் அவ்வளவு சுலபமாக வந்துவிடவில்லை. முகுந்தனின் அம்மா இராஜம்மா பெண் பார்க்க வந்த அன்று, காப்பி டம்ளரை வாயில் வைக்காமலேயே கேட்டார். "பிள்ளைக்கு ரத்தத்துல என்னமோ கோளாறுன்னு சொல்றாங்களே?"

மறைத்துப் பேச வேண்டும் என்று மாமா முந்தின நாளே சொல்லியிருந்தார். தங்கை தட்டைக் கீழே வைத்தாள்.

"ஆமா அத்தை. எனக்குப் பிளேட்லெட் ரொம்பப் பெருசு. மெஷின்ல எண்ண முடியாது. காயம் பட்டா லேட்டாதான் நிக்கும். தொத்தாது. உங்க பையனுக்கு அது இல்லைன்னு டெஸ்ட்டும் எடுத்துட்டாரு. பிள்ளை பெத்துக்கணும்னா டாக்டரு பக்கத்துல இருக்கணும். இதுதான் முழுசும். ஒளிச்சதுன்னு ஒண்ணும் இல்ல."

இராஜம்மா மகனைப் பார்த்தார். "நீ எப்ப டெஸ்ட் எடுத்த?"

"போன மாசம்மா. லைசன்ஸ் டெஸ்ட்ட விட ஈசியா இருந்துச்சி."

இராஜம்மாவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. காப்பியைக் குடித்தார். கொரோனா அடங்கிய பிறகு 2022இல் கல்யாணம்.

ஆனால் கிளினிக்குகளில் அவளுக்கு வெற்றி கிடைக்கவில்லை. சளி, வயிற்றுவலி, எதற்குப் போனாலும் ரத்தம் எடுப்பார்கள். இருபத்தெட்டு என்று வரும். முகம் மாறும். டெங்கி என்று ஆம்புலன்ஸ் கூப்பிடுவார்கள். 'எனக்கு எப்பவும் இப்படித்தான், ஸ்லைடுல பாருங்க' என்று அவள் சொல்வாள். நீ டாக்டரா நான் டாக்டரா என்பதுபோலப் பார்ப்பார்கள். மூன்று தடவை டெங்கி வார்டில் படுக்க வைத்துக் கொசுவலைக்குள் அடைத்தார்கள். ஒரு தடவை பக்கத்துக் கட்டில் ஆன்டி தன் பப்பாளி இலைச் சாற்றில் பாதியை அவளுக்கும் கொடுத்தாள். "கசப்புக்கு வாந்தி வந்திச்சிக்கா. ஆனா அந்த ஆன்டி அவ்ளோ ஆசையா குடுத்துச்சி, குடிச்சிட்டேன்." சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனாலும் அடுத்த வரி எப்போதும் ஒன்றுதான். "நான் சொல்றத ஒரே ஒரு டாக்டரு நம்புனா போதும்க்கா. ஒரே ஒருத்தரு."

2024 நவம்பர் 14, வியாழக்கிழமை. தீபாவளி முடிந்து இரண்டு வாரம். கடையில் வேலை இல்லாததால் நான் கிள்ளானில் அவள் வீட்டுக்குப் போயிருந்தேன். காலையில் எழும்போதே அவளுக்குக் காய்ச்சல். காத்திருக்கவில்லை. இரண்டு மாணவர்களுக்குப் போன் செய்து வகுப்பை நிறுத்திவிட்டு, தாமான் குடியிருப்புக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு சின்னக் கிளினிக்குக்கு அவளே காரை ஓட்டினாள். நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன்.

டாக்டர் இளைஞர். நம் பிள்ளை. ரத்தம் எடுத்தார். கொஞ்ச நேரத்தில் தாளோடு வேகமாக வந்தார்.

"அக்கா, பிளேட்லெட் இருபத்தெட்டு. இந்த ஏரியாவுல டெங்கி ஜாஸ்தி. இப்பவே ஹாஸ்பிட்டல் போகணும். நான் லெட்டர் எழுதித் தரேன்."

"டாக்டர், ஒரு நிமிஷம். எனக்கு எப்பவும் இருபத்தெட்டுதான்."

எத்தனையோ முறை சொன்னதை அவள் மறுபடியும் ஆரம்பித்தாள். நான் கதவைப் பார்த்துக்கொண்டிருந்தேன், ஆம்புலன்ஸ்தான் வரப்போகிறது என்று. ஆனால் அந்தப் பிள்ளை உட்கார்ந்தார். உட்கார்ந்து கேட்டார். மெகாத்ரோம்போசைட் என்று அவள் சொன்னதும் அவர் முகம் மலர்ந்தது.

"காலேஜுல படிச்சிருக்கேன் அக்கா. நேருல இப்பத்தான் பாக்குறேன்." அவள் போனில் இருந்த பழைய ரிப்போர்ட்டுகளைப் படித்தார். ஒவ்வொன்றிலும் இருபத்தெட்டு, முப்பது, இருபத்தாறு. டெங்கிக்கென்று தனியாக ஒரு சோதனை செய்தார். இல்லை என்று வந்தது.

"நீங்க சொன்னது சரி. டெங்கி இல்ல. கவுண்ட்டும் உங்களுக்கு நார்மல். வேற ஏதாச்சும் மருந்து சாப்பிடுறீங்களா?"

"இல்ல டாக்டர்."

"அப்ப சாதாரணக் காய்ச்சல்தான். பேனடால் போடுங்க, நல்லா தண்ணி குடிங்க. நாளைக்கு விடலன்னா வாங்க."

வெளியே வந்ததும் என் கையைப் பிடித்து ஆட்டினாள். அவள் கை கொதித்தது. "பாத்தியாக்கா? பாத்தியா? கேட்டாருல்ல? ஒரு டாக்டரு, முழுசா கேட்டாரு!" காரில் உட்கார்ந்து முகுந்தனுக்குப் போன் போட்டு அதையே சொன்னாள். அம்மாவுக்குப் போட்டுச் சொன்னாள். நான் டாக்டர் ஷிரீனுக்கும் சொல்லட்டுமா என்று கேட்டேன். "நாளைக்கு நானே சொல்றேன்க்கா. அவங்க சந்தோசப்படுவாங்க" என்றாள்.

எங்கள் எல்லோருக்கும் நிம்மதி. எங்கள் வீட்டில் பயம் என்றால் அது அந்த எண்தான். எண் மாறவில்லை, எனவே பயம் இல்லை. விலாவுக்குக் கீழே இருந்த கோடு யாருக்கும் நினைவு வரவில்லை. அவளுக்கும் வரவில்லை.

மத்தியானம் தூங்கினாள். சாயங்காலம் குளிர் குளிர் என்றாள். காலில் ஊதாப் புள்ளிகள் இருந்தன. அவள் காலில் ஊதாப் புள்ளிகள் இல்லாத நாள் ஏது? முகுந்தன் வேலை முடிந்து வந்து போர்வையை விலக்கிப் பார்த்தான். புள்ளிகள் தொடைவரை ஏறியிருந்தன. அவளைத் தூக்கிக்கொண்டு ஓடினான். நான் பின் சீட்டில் அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டேன். மேம்பாலம் ஏறும்போது நெரிசலில் கார் நின்றது. மறுபடி எடுக்கும்போது கொஞ்சம் பின்னால் நகர்ந்தது.

"கிளட்ச்" என்றாள் கண்ணைத் திறக்காமல். "மெதுவா விடுங்க."

"சரி சிக்கு" என்றான் முகுந்தன்.

அதற்குப் பிறகு அவள் எங்களிடம் ஒன்றும் சொல்லவில்லை. மருத்துவமனையில் எல்லாமே செய்தார்கள். மறுநாள் காலை, வெள்ளிக்கிழமை, போய்விட்டாள். இருபத்தொன்பது வயது.

காரியத்துக்கு டாக்டர் ஷிரீன் வந்திருந்தார். அம்மாவின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். முகுந்தன்தான் கேட்டான், என்ன டாக்டர் ஆச்சு என்று. ரத்தத்தில் கிருமி புகுந்தால் முதலில் சலித்து எடுப்பது மண்ணீரல் என்று அவர் சொன்னார். அது இல்லாதவர்களுக்குச் சாதாரணமாக ஆரம்பிக்கும் காய்ச்சல்கூட ஒரே நாளில் எல்லாவற்றையும் முடித்துவிடும். ஊசி போட்டிருந்தாலும் எல்லாக் கிருமிக்கும் அது தடை ஆகாது.

"அந்த டாக்டர் நம்பாம, டெங்கின்னு ஆஸ்பத்திரிக்கு அனுப்பியிருந்தா?" என்று முகுந்தன் கேட்டான்.

டாக்டர் ஷிரீன் அம்மாவின் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

அந்தக் கிளினிக் பிள்ளையும் வந்திருந்தார். வாசலில் செருப்பைக் கழற்றாமலேயே நின்றார். நான் போய் உள்ளே அழைத்தேன். அவர் ஒருவர்தான் அவள் சொன்னதை முழுக்கக் கேட்டவர். அவரை வெளியில் நிறுத்தி வைத்தால் அவளுக்குப் பிடிக்காது. தம்புசாமி ஆசாரியை அம்மா ரோட்டில் நிறுத்தியதே எங்கள் குடும்பத்துக்குப் போதும்.

ஜிமிக்கியை ஆசாரியிடம் திருப்பிக் கொடுக்கலாமா என்று முகுந்தன் கேட்டான். வேண்டாம், நீயே வைத்துக்கொள் என்றேன். அவன் இப்போது அவளுடைய காரைத்தான் ஓட்டுகிறான். கூரையில் இருந்த மஞ்சள் பலகையைக் கழற்றவில்லை. மேட்டில் நின்றால் பின்னால் இருக்கும் வண்டிகள் தூரம் விட்டு நிற்கின்றன, புதிதாய்ப் பழகுகிறவன் என்று நினைத்து.

எனக்கு அந்த மண்ணீரல் ஆபரேஷன் நாள்தான் திரும்பத் திரும்ப வருகிறது. குழந்தைகள் வார்டில் ஜன்னலோரக் கட்டில். மருத்துவமனைக்காரர்கள் சம்மதத் தாளைக் கொண்டுவந்தார்கள். அம்மாவுக்கு எழுதத் தெரியாது; மையில் கட்டைவிரலைத் தொட்டு வைத்தார். சாட்சியாக நான் கையெழுத்திட்டேன். பாவ் முகத்தோடு தங்கை கட்டிலில் சம்மணம் போட்டு உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வெட்டப் போறது என் வயித்தத்தானே?" என்றாள். "நான் போட வேணாமா?"

அந்த டாக்டர் சிரித்தார். சின்னப் பிள்ளைகள் போட வேண்டியதில்லை என்றார். பிறகு அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, தன் சட்டைப் பையில் இருந்த பேனாவையே எடுத்துக் கொடுத்தார். தாளின் அடியில் வெறுமையாக இருந்த இடத்தைக் காட்டினார்.

அவள் தாளைத் தொடைமேல் வைத்துக்கொண்டு, நாக்கைப் பல்லுக்கிடையில் கடித்தபடி, தமிழில் எழுதினாள். சி. அமுதவள்ளி. கீழே ஒரு கோடு போட்டாள். மை காய்வதற்காக ஊதினாள். இனிமேல் ஓட்டப் பந்தயத்திலும் சேரலாமா என்று டாக்டரைக் கேட்டாள். சேரலாம் என்றார்.

என் தங்கை முதன்முதலாகத் தன் பெயரைக் கையெழுத்திட்டது 2006 ஆகஸ்ட் 9, புதன்கிழமை.